முற்றான நாளும் முகூர்த்த நாளும்

நேயர்களுக்கு என் அன்பான வணக்கம்.

"அம்மா, மணப்பெண் அலங்காரத்தைப் பற்றிக் கதையுங்கோ" என்றுதான் இந்த நிலையத்தார் என்னை முதலில் கேட்டார்கள். 35 வருடமாகத் திருகோணமலையில் பெண் அலங்கரித்து வருகிறேன், அதனால் கேட்டிருக்கிறார்கள். ஆனால் கொண்டை கட்டுவதும் சடைநாகம் பொருத்துவதும் கூறைக்குக் கொய்யகம் பிடிப்பதும் கண்ணால் பார்க்க வேண்டிய வேலை. வானொலியில் சொன்னால் விளங்காது. அதனால் வேறொன்றைக் கதைக்கிறேன் என்று அனுமதி கேட்டேன். பல வருடமாக மனதில் வைத்திருக்கிற விஷயம் அது. கலியாணம் முற்றான, அதாவது பேசி முடித்த, நாளுக்கும் தாலி கட்டுகிற நாளுக்கும் நடுவில் இருக்கிற அந்த மாதங்களைப் பற்றித்தான்.

சரி, என் வேலையிலிருந்தே தொடங்குகிறேன். காலை 9 மணிக்கு முகூர்த்தம் என்றால் நான் விடிய 3 மணிக்கே பெண் வீட்டில் நிற்பேன். பெண்ணைக் கதிரையில் இருத்தி, தலையை வாரத் தொடங்கினால் முதலில் என் கைக்குத் தெரிவது அவளுடைய பிடரி. சில பிள்ளைகளுக்குப் பிடரி கல்லுப்போல இறுகிக் கிடக்கும். தலையைக் கொஞ்சம் சாய் பிள்ளை என்றால் சாய்க்க வராது. கொண்டை ஒழுங்காக நிற்காது, ஊசி குத்தும், அந்தப் பிள்ளைக்குக் கண்ணீர் வந்துவிடும். "அக்கா, இது எப்ப முடியும்?" என்று கேட்பாள். அலங்காரத்தையா கலியாணத்தையா கேட்கிறாள் என்று எனக்கு விளங்காது. வேறு சில பிள்ளைகள் தலையை என் கையில் தந்துவிட்டு, சிறுபிள்ளை தாயிடம் தலை கொடுக்கிற மாதிரி இருப்பார்கள்.

நான் எல்லாரிடமும் ஒரே கேள்விதான் கேட்பேன். "முற்றாகி எத்தனை மாதம் பிள்ளை? எப்படிப் போச்சு?"

பிடரி இறுகின பிள்ளை சொல்லுவாள்: "எங்க அக்கா, தெரியேல்ல. மண்டபம், சாறி, கார்ட், சாப்பாட்டுக்காரன் என்று ஓடியே போச்சு. ரெண்டு வீட்டுக்கும் சண்டை வேற." மற்றவள் கண்ணாடியில் என்னைப் பார்த்து, ஏதோ ஒன்றை நினைத்துக்கொண்டு, "நல்லாப் போச்சு அக்கா" என்பாள். அந்த நினைப்பு என்ன என்று நான் கேட்பதில்லை. அது அவளுடையது. ஆனால் அப்படி நினைத்துக்கொள்ள ஏதாவது ஒன்று ஒவ்வொரு பிள்ளையிடமும் இருக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறேன். இன்றைக்கு நான் சொல்ல வந்தது இவ்வளவுதான். அந்த மாதங்களைக் கலியாண வேலைக்கு மட்டும் கொடுத்துவிடாதீர்கள். உங்களுக்கென்று கொஞ்சம் எடுத்து வையுங்கள்.

இந்த நடு மாதங்கள் எல்லாச் சமயத்தவருக்கும் இருக்கின்றன. நம்முடைய கத்தோலிக்கப் பிள்ளைகளுக்கு மூன்று ஞாயிறு ஓலை, அதாவது கலியாண அறிவித்தல், வாசிப்பார்கள். கிண்ணியாவில், மூதூரில் முஸ்லிம் வீடுகளுக்கும் நான் அலங்காரத்துக்குப் போயிருக்கிறேன், அங்கேயும் பேசி முடித்த நாளுக்கும் நிக்காஹ் நாளுக்கும் நடுவில் ஒரு காலம் உண்டு. சைவக் கலியாணத்தில் ஆடியில் நாள் வைக்கமாட்டோம், மார்கழியிலும் வைக்கமாட்டோம். அதனால் மூன்று மாதம் என்று நினைத்தது சும்மா ஆறேழு மாதமாக நீண்டுவிடும். பெரியவர்கள் "ஐயோ, இவ்வளவு நாளா" என்பார்கள். எனக்கென்றால் சந்தோஷம்தான்.

என்னுடைய கதையைச் சொல்கிறேன், கேளுங்கள்.

1980ஆம் ஆண்டு தை மாதம் எனக்குக் கலியாணம் முற்றானது. நாள் வைத்தது ஆவணியில். எங்கள் வீடு பட்டணத்துக்குள். மாப்பிள்ளை வீடு மூதூரில், அங்கேதான் அவர் ஆசிரியர். இப்போதைய பிள்ளைகளுக்கு மூதூர் பக்கம்தான். கிண்ணியாப் பாலம் 2009இல் திறந்தது, அதற்குப் பிறகு மற்றப் பாலங்களும் வந்துவிட்டன, மோட்டார் சைக்கிளில் போய் வந்துவிடலாம். அப்போது தரைவழியால் போவதென்றால் ஒவ்வொரு ஆற்றிலும் இறங்கி, பாதை வரும்வரை காத்திருந்து, அதில் ஏறி அக்கரை போக வேண்டும். பாதை என்றால் ரோட்டு இல்லை, வாகனங்களையும் ஏற்றிக்கொண்டு போகிற மிதவைப் படகு, வயது போனவர்களுக்கு ஞாபகம் இருக்கும். அதைவிட நேரே கொட்டியாரக் குடாவைக் குறுக்கறுத்து லாஞ்சில் வருவது சுகம். கடல் நல்லபடி இருந்தால் சுகம்.

அவர் சனிக்கிழமைகளில் வருவார். சும்மா வர முடியாதே, ஒரு சாட்டு வேண்டும். மூதூர் எருமைத் தயிர் உங்களுக்குத் தெரியும்தானே. எங்கள் அம்மம்மாவுக்கு அந்தத் தயிர் என்றால் உயிர். அதனால் சனிக்கிழமைதோறும் ஒரு சட்டித் தயிர் வரும், தயிரோடு அவரும் வருவார். விறாந்தையில் அரை மணித்தியாலம். தேத்தண்ணி. பிறகு பின்னேர லாஞ்சுக்கு எழும்பிப் போய்விடுவார். நான் கதவுக்குள்ளே. முதல் மூன்று சனிக்கிழமை நான் ஒரு வார்த்தை கதைக்கவில்லை.

நாலாவது சனிக்கிழமை வாடைக்காற்று. எங்களூர்க் கடலை வாடையில் பார்த்தவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. அன்றைக்கு லாஞ்சு வருமா என்றே எல்லாருக்கும் சந்தேகம். வந்தது. அவரும் வந்தார், உச்சந்தலையிலிருந்து கால்வரை நனைந்து, சேட்டு முழுக்கத் தயிர்த் தண்ணி. லாஞ்சு தூக்கிப் போட்ட போதெல்லாம் சட்டி தளும்பித் தளும்பி இவர் மேலேயே ஊற்றியிருக்கிறது. ஆனால் சட்டி உடையவில்லை, பாதித் தயிர் மிச்சம். அம்மா சட்டியை வாங்கப் போனா. அவருடைய விரல்கள் விரியவில்லை. சட்டியைக் கட்டின கயிறு விரல்களில் பதிந்து, நாலு விரலிலும் சிவந்த கோடு, ஒரு விரலில் தோல் கிழிந்திருந்தது. வழி முழுக்க, ஒரு மணித்தியாலமாக, அந்தக் கயிற்றை விடாமல் பிடித்துக்கொண்டு வந்திருக்கிறார்.

நான் கதவுக்குள்ளிருந்து அந்தக் கையைத்தான் பார்த்தேன். முகத்தைப் பார்க்கவில்லை. "சுடுதண்ணி கொண்டரட்டா?" என்று கேட்டேன். அவரோடு நான் கதைத்த முதல் வார்த்தை அதுதான். சுளகு அகலப் பீங்கானில் இளஞ்சூட்டுத் தண்ணி கொண்டுவந்து வைத்தேன், அவர் கையை அமிழ்த்தினார். அம்மம்மா பாதித் தயிரைப் பார்த்துவிட்டு, "இந்தப் பிள்ளை கையில் பிடிச்சதை விடாது" என்றா. அவ்வளவுதான் சொன்னா.

நேயர்களே, அந்தக் கைகளைப் பற்றி நான் எத்தனையோ பெண்களுக்குச் சொல்லியிருக்கிறேன், இன்றைக்கு உங்களுக்கும் சொல்லிவிட்டேன். ஆனால் கதை அதோடு முடியவில்லை, முக்கியமான பகுதி இனிமேல்தான்.

அதற்குப் பிறகு நானும் விறாந்தைக்கு வந்து உட்காரலாம் என்று வீட்டில் விட்டார்கள். காவலுக்குத் தம்பி. அவன் அப்போது ஐந்தாம் வகுப்பு. கணக்குக் கொப்பியோடு எங்களுக்கு நடுவில் வந்து இருப்பான். அவர் வாத்தியார்தானே, கொப்பியைக் கண்டால் விடமாட்டார். என்னோடு கதைத்த நேரத்தைவிட அவனுக்கு நெடும்பிரித்தல் சொல்லிக்கொடுத்த நேரம்தான் கூட. எனக்கு அப்போது கோபம் வரும். இப்போது நினைத்தால் அதுதான் எனக்குக் கிடைத்த பெரிய பாக்கியம்.

ஏன் தெரியுமா? என்னோடு கதைக்கும்போது அவர் கவனமாகத்தானே கதைப்பார். நானும் அப்படித்தான். நிச்சயம் பண்ணின இரண்டு பேர் ஒருவரோடு ஒருவர் கதைக்கும்போது இரண்டு பேருமே தலை வாரி, பவுடர் பூசித்தான் கதைப்பார்கள். ஆனால் தம்பி ஒரே பிழையை ஏழாம் தரம் விடும்போது அவர் என்ன செய்கிறார் என்பதில் பவுடர் இல்லை. ஒருநாள் அவர் ஒரு கணக்கைச் செய்து காட்டினார். தம்பி, "எங்கட வாத்தியார் வேற மாதிரித்தான் சொன்னவர்" என்றான். அவருடைய முகம் மாறியது. ஒன்றும் பேசவில்லை. தேத்தண்ணி ஆறிப்போகுமளவுக்குப் பேசவில்லை. நான் பயந்துபோனேன், சண்டை வரப்போகுது என்று நினைத்தேன். பிறகு பென்சிலை எடுத்து, தான் எழுதினதைக் குறுக்கே கீறிவிட்டு, "உன்ர வாத்தியார் சொன்னதுதான் சரி" என்றார்.

அந்த மௌனம் பிறகு எங்கள் வீட்டில் எத்தனையோ தரம் வந்தது. கலியாணமாகிப் புதுசில் வந்தது, பிள்ளைகள் வளர்ந்தபோது வந்தது, இப்போதும் வருகிறது. ஆனால் எனக்கு ஒருநாளும் அதைக் கண்டு நடுக்கம் வந்ததில்லை. தேத்தண்ணி ஆறும்வரை பொறுத்தால் "நீ சொன்னதுதான் சரி" வரும் என்று தம்பியின் கணக்குக் கொப்பியிலேயே பார்த்துவிட்டேன்தானே.

அதனால்தான் சொல்கிறேன், இந்த மாதங்களில் ஒருவரை ஒருவர் தனியாகச் சந்திப்பது நல்லது, சந்தியுங்கள். ஆனால் அவர் மற்றவர்களோடு எப்படி இருக்கிறார் என்று பார்க்கவும் இடம் எடுங்கள். தாயோடு எப்படிக் கதைக்கிறார், பஸ்ஸில் இடம் கிடைக்காவிட்டால் என்ன செய்கிறார், கடைக்காரன் மிச்சக் காசைக் கூடத் தந்துவிட்டால் என்ன செய்கிறார் என்று பாருங்கள். மாப்பிள்ளைப் பிள்ளைகளுக்கும் இதே சொல்தான். அவள் சமையலறையில் தன் தமையனின் மனைவியோடு, அதுதான் மச்சாளோடு, எப்படி இருக்கிறாள் என்று பாருங்கள். குற்றம் பிடிக்க இல்லை. அவரவர் சுபாவத்தை முதலே தெரிந்துகொண்டால் பிறகு பயம் வராது.

இன்னொரு நாளையும் சொல்ல வேண்டும். மகா சிவராத்திரி முடிந்து எங்கள் கோணேசப் பெருமான் சுவாமி மலையிலிருந்து இறங்கி நகர்வலம் வருவார் அல்லவா. ஒவ்வொரு வீட்டுப் படலையிலும் நிறைகுடம், குத்துவிளக்கு, தெரு முழுக்கத் தோரணம். அந்த வருடம் எங்கள் படலையில் நிறைகுடம் வைத்தது நான். அவர் தன் சகோதரிமாரோடு லாஞ்சில் வந்து எதிர்ப் பக்கத்தில் நின்றார். நடுவில் சுவாமி, மேளம், இத்தனை சனம். ஒரு சொல்லும் கதைக்கவில்லை. சுவாமி எங்கள் வாசலைத் தாண்டிப் போன பிறகு சனம் கலைந்தது, அவர் அங்கேயே நின்றார். அது ஒரு நிமிஷம் இருக்கலாம். அந்த நிமிஷம் இன்றைக்கும் என்னிடம் இருக்கிறது.

இப்போது காலம் மாறிவிட்டது, மாறத்தான் வேண்டும். விறாந்தையில் தம்பியைக் காவல் வைக்கிற காலம் இல்லை. ஆனால் இப்போது வேறொரு காவல் வந்திருக்கிறது, கமரா. கலியாணத்துக்கு முன்னால் படப்பிடிப்பு என்று ஒன்று, பிரீ ஷூட் என்கிறார்கள். அதற்கும் நான்தான் அலங்காரம். விடிய உப்புவெளிக் கடற்கரையில் சூரியன் எழும்ப முதல் நிற்க வேண்டும். "அண்ணா, கொஞ்சம் சிரியுங்கோ, அக்கா, அவரின்ர தோளில சாயுங்கோ." படம் அழகாகத்தான் வரும், நான் குறை சொல்லமாட்டேன். என் கவலை வேறு. அந்தக் கடற்கரைக்கு அவர்கள் இரண்டு பேரும் சேர்ந்து வருவது அதுதான் முதல் தரம் என்று சில பிள்ளைகள் சொல்லும்போது எனக்கு மனம் பொறுக்காது.

ஒருமுறை மார்பிள் கடற்கரையில் ஒரு சோடிக்குப் படம் எடுத்தோம். ட்ரோனுக்குப் பற்றரி முடிந்துவிட்டது. கமராக்காரத் தம்பி வாகனத்தில் வைத்த மற்றப் பற்றரியை எடுக்கப் போனவர், அதைத் தேடிக்கொண்டு நின்றுவிட்டார். இவர்கள் இரண்டு பேரும் விலை கூடின உடுப்போடு மணலில் இருந்துவிட்டார்கள். நான் சீப்பும் ஊசியுமாகப் பக்கத்தில் நிற்கிறேன், காதில் விழுகிறது. அவள் சொல்கிறாள், "எனக்குக் காலமை பத்து மணிக்கு முதல் பிட்டு இறங்காது." அவன் சொல்கிறான், "எங்கட வீட்டில ஏழு மணிக்குப் பிட்டு." இரண்டு பேரும் கொஞ்ச நேரம் அதை யோசித்தார்கள். பிறகு அவன், "அப்ப உனக்குப் பாண் வாங்கி வைக்கிறன்" என்றான். கமராத் தம்பி வந்து கூப்பிட்டபோது இரண்டு பேரும் எழும்பவில்லை, இன்னும் கொஞ்ச நேரம் என்றார்கள். அந்தப் பிள்ளையைக் கலியாணத்தன்று நான்தான் அலங்கரித்தேன். பிடரி பஞ்சுபோல இருந்தது.

பெற்றோருக்குச் சொல்கிறேன், பிள்ளைகளைப் போகவிடுங்கள். காசு செலவழிக்கத் தேவையில்லாத ஊர் இது. பின்னேரம் கோட்டை வாசலால் நடந்து, மான்கள் மேய்கிறதைப் பார்த்துக்கொண்டு கோணேசர் கோவிலுக்குப் போய் வரலாம். கும்பிட்டுவிட்டு இராவணன் வெட்டுப் பக்கம் நின்று கீழே கடலைப் பார்க்கலாம். டச்சுக் குடாக் கடற்கரையில் கச்சான் வாங்கிக் கொறித்துக்கொண்டு இருக்கலாம். கன்னியாவுக்கு மட்டும் எங்கள் அம்மம்மா விடமாட்டா. ஏழு வெந்நீர்க் கிணறுகளும் அழகுதான், ஆனால் முன்பெல்லாம் இறந்தவர்களுக்குக் கருமம் செய்யப் போன இடம் அது, "கலியாணம் முற்றான பிள்ளை அங்கே போகக்கூடாது" என்பா. நானும் இன்றுவரை அப்படியே சொல்லி வருகிறேன்.

அப்புறம், எழுத்து, அதுதான் கலியாணப் பதிவு. இதை நான் கட்டாயம் சொல்ல வேண்டும். இப்போது பாதிக்குப் பாதி மாப்பிள்ளைமார் வெளிநாட்டில். விசா அலுவலுக்காக முதலில் எழுத்தை எழுதிவிடுகிறார்கள், தாலி கட்டுவது எட்டு மாதம், ஒரு வருடம் கழித்து. வீட்டில் எல்லாரும் "இன்னும் கலியாணம் ஆகேல்ல" என்றுதான் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. விவாகப் பதிவாளர் முன்னால் கையெழுத்து வைத்தால் சட்டப்படி நீங்கள் கணவன் மனைவி. பிறகு சரிவராவிட்டால் மோதிரத்தைத் திருப்பிக் கொடுப்பதோடு முடியாது, மாவட்ட நீதிமன்றத்தில் விவாகரத்து எடுக்க வேண்டும். எனக்குத் தெரிந்த ஒரு பிள்ளை இதைத் தெரியாமல் மூன்று வருடம் அலைந்தாள். ஆகவே கொஞ்சம் பழகிப் பார்த்துவிட்டு எழுத்துக்குப் போங்கள். ஒரு மாதம் பிந்தினால் ஒன்றும் குடிமுழுகாது.

வெளிநாட்டில் மாப்பிள்ளை இருக்கிற பிள்ளைகளை நினைத்தால் எனக்குச் சங்கப் பாட்டுத்தான் ஞாபகம் வரும். கலியாணம் முடிப்பதற்கு முன்னால், அந்த இடைவெளியில் பொருள் தேடப் பிரிந்து போகிற தலைவனைப் பற்றிப் பாடியிருக்கிறார்கள். வரைவிடை வைத்துப் பொருள்வயிற் பிரிதல் என்று அதற்குப் பெயர். வரைவு என்றால் கலியாணம். ஏறத்தாழ 2000 வருடத்துக்கு முன்னாலேயே இதற்கு ஒரு துறை வகுத்திருக்கிறார்கள் என்று பள்ளிக்கூடத்தில் படித்தபோது எனக்குப் பெரிதாகத் தெரியவில்லை. இப்போது ரொறன்ரோவில் இருக்கிறவனுக்காக இரவு பத்து மணிக்குப் போனைக் கையில் வைத்துக்கொண்டு இருக்கிற பிள்ளைகளைப் பார்க்கும்போது விளங்குகிறது. குளிர்காலத்தில் பத்தரை மணித்தியாலம் வித்தியாசம், கோடையில் ஒன்பதரை. இவள் நித்திரைக்குப் போகிற நேரம் அவன் வேலைத்தலத்தில். அந்தப் பிள்ளைகளுக்கு நான் சொல்வது, கலியாணக் கணக்கு வழக்கை வட்ஸ்அப்பில் அண்ணன்மார், மாமாமார் கதைக்கட்டும். உங்கள் அழைப்பில் அது வேண்டாம். இன்றைக்கு என்ன சமைத்தாய், அங்கே பனி பெய்ததா, இதைக் கதையுங்கள். கிழமைக்கு ஒரு கடிதம் கையால் எழுதினால் இன்னும் நல்லது. கடிதத்தைத் திரும்பத் திரும்ப எடுத்துப் படிக்கலாம்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிலையத்துத் தம்பி கையைக் காட்டுகிறார். நேரம் போய்விட்டது. காசைப் பற்றிச் சொல்ல வேண்டும் என்று எழுதிக்கொண்டு வந்தேன், நகைக்கும் மண்டபத்துக்கும் கடன்படுகிறதைப் பற்றி. அது ஒரு நாள் கதைக்க வேண்டிய விஷயம், விடுகிறேன். கடைசியாக ஒன்று மட்டும், விரைவாக. பொன்னுருக்கு, அதாவது தாலிக்குப் பொன் உருக்குகிற சடங்கு, முடிந்துவிட்டால் பெண்ணும் மாப்பிள்ளையும் வெளியே போகமாட்டார்கள், ஒருவரை ஒருவர் பார்க்கமாட்டார்கள். அந்தச் சில நாள் உங்கள் தாய்க்கும் தகப்பனுக்கும் உரியது. பலகாரச் சூட்டுக்கு அயலட்டைப் பெண்கள் எல்லாரும் வந்து அடுப்படியில் இருப்பார்கள், நீங்களும் போனை உள்ளே வைத்துவிட்டுப் போய் இருங்கள். பயத்தம் பணியாரம் பிடிக்கிற கைகளோடு கை வைத்துப் பிடியுங்கள். இரவில் அம்மாவுக்குப் பக்கத்தில் பாய் போட்டுப் படுங்கள். நான் படுத்தேன். அம்மா விடியும்வரை என் தலையைத் தடவிக்கொண்டிருந்தா.

நாளைக்குத் தம்பலகாமத்தில் ஒரு பெண் இருக்கிறாள், 3 மணிக்கு நான் அங்கே நிற்க வேண்டும். அவளுக்கும் மாப்பிள்ளைப் பிள்ளைக்கும் என் வாழ்த்து. உங்களுக்கும் நன்றி, வணக்கம்.